நாயைக் குளிப்பாட்ட ஆள் வைக்கலாம், தடவிப் பார்க்க?

எங்க அபார்ட்மெண்ட் லிஃப்ட்ல போன மாசம் ஒரு நோட்டீஸ் ஒட்டியிருந்தாங்க. நாய்களுக்கான முழு அழகு பேக்கேஜாம். வேன் வாசலுக்கே வருமாம். குளியல், கண்டிஷனர், ப்ளோ ட்ரை, நகம், காது, பல்லு, கடைசியில கொஞ்சம் செண்ட், கழுத்துல ஒரு ரிப்பன். மாசம் ரெண்டு தடவைன்னு ஒரு வருஷத்துக்கு மொத்தமா கட்டினா தள்ளுபடி. தங்கமணி மனக்கணக்கு போட்டுப் பாத்துட்டு, "நம்ம ரெண்டு பேருக்கும் வருஷம் பூரா முடி வெட்டுற செலவை விட இது நாலு மடங்குங்க"ன்னாங்க. (அதுல என் பங்கு ரொம்பக் கம்மி. வெட்டுறதுக்கு முடி வேணுமே!)

காசு மட்டும் விஷயமா இருந்தா இதைப் பத்தி நான் எழுத உக்காந்திருக்க மாட்டேன். அவங்கவங்க காசு, அவங்கவங்க நாய். எனக்கு உறுத்துறது வேற. அந்தப் பட்டியல்ல இருக்குற எதுவும் எங்க வீட்டு நாய்க்குத் தேவையில்லை. தேவையா இருக்குற ஒண்ணு அந்தப் பட்டியல்லயே இல்லை. அதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

முதல்ல எங்க ஆளை அறிமுகப்படுத்திடறேன். பேரு மணி. நம்ம ஊர்ல நாய்க்கு வைக்கிற பேர்லயே அரதப் பழசு. குர்கான்ல (அதாங்க, 2016-லேர்ந்து குருகிராம்) அது 'மனி' ஆயிடுச்சு. மதராசிங்க நாய்க்குக் கூட காசுன்னு பேரு வச்சிருக்காங்கன்னு கீழ் வீட்டு அங்கிளுக்கு ஒரே சிரிப்பு. வீட்டுல ஏற்கெனவே ஒரு தங்கமணி, இப்ப ஒரு மணி, நடுவுல நான். என் நிலைமையை நீங்களே புரிஞ்சுக்குங்க.

சாதி முக்கால்வாசி தெரு. மிச்சம் யாரோ ஒரு லேப்ரடார் தாத்தான்னு டாக்டர் சொல்றார். பிஸ்கட் கலர், ஒட்ட வெட்டின மாதிரி குட்டை முடி, சுருட்டின வாலு. இடது காது நுனி நேரா வெட்டியிருக்கும். "யாரு கடிச்சா?"ன்னு பார்க்குல கேக்காத ஆளே கிடையாது. யாரும் கடிக்கலை. கருத்தடை ஆபரேஷன் பண்ணி ரேபீஸ் ஊசி போட்ட தெருநாய்க்கு வைக்கிற அடையாளம் அது. 2001-ல வந்து, 2023-ல புதுசா மாத்தி எழுதின நாய்க் கருத்தடை விதிகள்படி நடக்குற வேலை.

இந்த மாதிரி குட்டை முடி கலப்பு நாயை வீட்டுல வச்சிருக்குற நம்ம ஆளுங்க இங்க ரெண்டு கட்சி. முதல் கட்சி, "தெருநாய்தானே, அதுக்கு எதுக்குங்க இதெல்லாம்? அதுவே நக்கிச் சுத்தம் பண்ணிக்கும்"னு விட்டுடறவங்க. ரெண்டாவது கட்சி, "நாங்க வித்தியாசமே பாக்கறதில்லை, கோல்டன் ரெட்ரீவருக்குப் பண்றதெல்லாம் இதுக்கும் பண்றோம்"னு வேனுக்குப் பணம் கட்டுறவங்க. ரெண்டாவது கட்சியோட நல்ல மனசு மேல எனக்கு மரியாதை உண்டு. ஆனா ரெண்டு கட்சியிலயும் ஒரு ஒத்துமை இருக்கு. நாயோட உடம்புல வீட்டுக்காரங்க கை படறதே இல்லை.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. ரெண்டு பேரும் வேலைக்குப் போற வீடு. காலையில நடத்திக் கூட்டிட்டுப் போறது ஒரு பையன். சோறு வைக்கிறது சமையலுக்கு வர்ற தீதி. குளிப்பாட்டுறது வேன். நமக்கு மிஞ்சுறது தலையில ரெண்டு தட்டு, ஞாயித்துக்கிழமை ஒரு போட்டோ. அந்தப் போட்டோவை ஊருக்கு அனுப்பி "உங்க பேரன்"னு ஒரு வரி. வயித்துக்கு அடியில, விரலுக்கு நடுவுல, காது மடிப்புக்குள்ள என்ன இருக்குன்னு அந்த வீட்டுல யாருக்குத் தெரியும்?

பேன் பாக்குற கை

எங்கம்மா திருக்கோவிலூர் பக்கத்துக் கிராமம். இங்க முதல் தடவை வந்தப்ப மணியை அண்டவே விடலை. நாயைத் தொட்டா கை கால் கழுவணும், பூஜை ரூம் பக்கம் வரக்கூடாதுன்னு ஏகப்பட்ட சட்டம். மூணாவது வாரம் ஒரு மத்தியானம் பாத்தா, பால்கனி வெயில்ல காலை நீட்டி உக்காந்துகிட்டு, மடியில மணி தலையை வச்சு, முடியை எதிர்ப்பக்கமா விலக்கி விலக்கிப் பாத்துட்டு இருக்காங்க. "என்னம்மா?"ன்னேன். "மாட்டுக்குப் பாக்கலையா, உங்களுக்குப் பேன் பாக்கலையா, அது மாதிரிதாம்ப்பா. வாயில்லாத ஜீவன், சொரியுதுன்னு அது வந்து சொல்லுமா?"ன்னாங்க.

அதுதாங்க விஷயமே! எங்க ஊர்ல மாட்டை ஏரியில இறக்கி வைக்கோல் பிரியால தேய்க்கிறவர் யாரும் மாட்டை அழகு பண்ணலை. தேய்க்கிற சாக்குல மடியைப் பாப்பாங்க, குளம்பைப் பாப்பாங்க, காதுக்குள்ள உண்ணி இருக்கான்னு பாப்பாங்க, நுகத்தடி பட்ட எடத்துல புண்ணான்னு பாப்பாங்க. குளியல் ஒரு சாக்கு. பாக்குறதுதான் வேலை. மாட்டோட பொழைக்கிறவங்களுக்கு இதை யாரும் சொல்லிக் குடுக்க வேண்டியதே இல்லை. ஊரை விட்டு ரெண்டாயிரம் கிலோமீட்டர் தள்ளி, பதினோராவது மாடியில நாய் வளர்க்கிற நாமதான் அதைப் பேக்கேஜுக்குக் குடுத்துட்டோம்.

பக்கத்து டவர் கதை

இதை எழுதலாமான்னு யோசிச்சேன். அந்தக் குடும்பத்துக்கிட்ட கேட்டேன், பேரு போடாம எழுதுங்கன்னுட்டாங்க.

பக்கத்து டவர்ல ஒரு தமிழ்க் குடும்பம். அவங்ககிட்டயும் ஒரு இண்டி, மூணு வயசு, காப்பிக் கலர். பாசத்துக்குக் குறைச்சலே கிடையாது. மாசம் ரெண்டு தடவை க்ரூமிங். எப்பப் பாத்தாலும் பளபளன்னு இருக்கும். செப்டம்பர் கடைசியில ரெண்டு நாள் சரியாச் சாப்பிடலை. மழைக்காலம், வயிறு சரியில்லை போலன்னு தயிர் சாதம் குடுத்திருக்காங்க. மூணாம் நாள் மூக்குல ரத்தம். ஓடினாங்க. ரத்தத்துல தட்டணுக்கள் பதினெட்டாயிரம்னு வந்துச்சு. சாதாரணமா ரெண்டு லட்சத்துக்குப் பக்கத்துலயாவது இருக்கணும். ட்ரிப்ஸ், ஊசி, வேற நாய்கிட்டேர்ந்து ரத்தம்னு எல்லாம் பாத்தாங்க. அஞ்சாவது நாள் போயிடுச்சு.

ஆஸ்பத்திரி மேசையில படுக்க வச்சு டாக்டர் விரல்களை விரிச்சுக் காட்டினாராம். ஒவ்வொரு விரலிடுக்குலயும் உண்ணி. அஞ்சாவது படிக்கிற அவங்க பொண்ணு வீட்டுக்கு வந்து கேட்ட ஒரே கேள்வி, "யாருமே பாக்கலையாப்பா?"

க்ரூமிங் ஆளுங்க மேல பழி போடறது நியாயமில்லை. அவங்களுக்கு ஒரு நாளைக்குப் பத்துப் பன்னண்டு நாய். அவங்க வேலை சுத்தமா, வாசமாத் திருப்பிக் குடுக்குறது. அதைக் குடுத்தாங்க. பதினஞ்சு நாளைக்கு ஒருதரம் நாப்பது நிமிஷம் தொடற கைக்கு, போன தடவைக்கும் இந்தத் தடவைக்கும் என்ன வித்தியாசம்னு தெரிய வாய்ப்பே இல்லை. அது வீட்டுக் கைக்குத்தான் தெரியும்.

உண்ணியைப் பத்திக் கொஞ்சம்

நம்ம நாய்கள் மேல இருக்குறது பெரும்பாலும் பழுப்பு நாய் உண்ணி. புல்வெளியிலதான் இருக்கும்னு நெனைச்சுடாதீங்க. வீட்டுக்குள்ளயே மொத்த வாழ்க்கையையும் நடத்துற ஜந்து அது. குஞ்சு, நடு வயசு, பெரிசுன்னு மூணு கட்டத்துலயும் நாய் மேல ஏறி ரத்தம் குடிச்சிட்டு, ஒவ்வொரு தடவையும் கீழ இறங்கிடும். ரத்தம் குடிச்சுப் பெருத்த பெண் உண்ணி சுவர் விரிசல், கதவு நிலை, கட்டில் சந்துன்னு புகுந்து ஆயிரக்கணக்குல முட்டை போடும். சாப்பாடே இல்லாம மாசக்கணக்குல காத்துக்கிட்டும் இருக்கும். அதனால நாய் மேல நாலு பாத்தா வீட்டுல நாப்பது இருக்குன்னு நெனைச்சு, படுக்கைத் துணியைக் கொதிக்கிற தண்ணியில துவைக்கணும், சந்து பொந்தெல்லாம் வேக்குவம் போடணும்.

உண்ணி கொண்டு வர்ற நோயை 'டிக் ஃபீவர்'னு ஒரே பேர்ல சொல்லிடறோம். (நம்ம ஊர் பேப்பர்ல 'உண்ணிக் காய்ச்சல்'னு வர்றது மனுஷங்களுக்கு வர்ற ஸ்க்ரப் டைபஸ். அது வேற, குழப்பிக்காதீங்க.) நாய்க்கு வர்றதுலயே எர்லிக்கியா, பபீசியான்னு பல வகை. ஒண்ணு பாக்டீரியா, ஒண்ணு சிவப்பணுக்குள்ள புகுந்துக்குற ஒட்டுண்ணி. மருந்தும் வேற வேற. போன தடவை குடுத்த மாத்திரை மிச்சம் இருக்குன்னு நாமளே குடுக்கக் கூடாதுன்னு டாக்டர்கள் தலையால அடிச்சுக்கறது இதுக்குத்தான். நமக்குப் போடற காய்ச்சல், வலி மாத்திரையும் நாய்க்கு ஆகாது. ஐபுபுரூஃபன் எல்லாம் விஷம்.

இதுல நம்ம ஊருக்கும் ஒரு சம்பந்தம் உண்டு. பபீசியா கிப்சோனிங்கிற வகையை முதன்முதலா விவரிச்சு எழுதினவர் பேட்டன்னு ஒரு ஆராய்ச்சியாளர், 1910-ல. யாரோட ரத்தத்துல பாத்தாருன்னு நெனைக்கறீங்க? 'மெட்ராஸ் ஹண்ட்'ங்கிற வெள்ளைக்காரங்களோட வேட்டைக் கூட்டத்து நாய்களோட ரத்தத்துல! அப்புறம் நரியோட ரத்தத்துலயும் பாத்தார். நூறு வருஷத்துக்கும் மேல தெரிஞ்ச எதிரிங்க இது. கண்ணுக்குத் தெரியற அளவு பெரிசா வேற இருக்கு. அப்புறம் ஏன் கோட்டை விடணும்?

வாரம் இருபது நிமிஷம்

எங்க வீட்டுல சனிக்கிழமை எனக்கு எண்ணெய்க் குளியல். அதுக்கு முன்னாடி மணிக்கு இருபது நிமிஷம். சாமான் மூணுதான்: ரப்பர் முள்ளு வச்ச ப்ரஷ், கூரான ஒரு ட்வீசர், ஒரு பழைய துண்டு. குட்டை முடிக்குக் கம்பி ப்ரஷ் எல்லாம் வேண்டாம், தோலைக் கீறும்.

1. முதல்ல ப்ரஷ். வட்ட வட்டமா, மெதுவா. குட்டை முடி கொட்டாதுன்னு சொல்றவங்க எங்க சோஃபாவை வந்து பாருங்க. குளிர் முடியற பிப்ரவரி, மார்ச்ல ஒரு குட்டி மணியே செய்யலாம், அவ்வளவு முடி வரும். தேய்க்கும்போது தோல்ல இருக்குற எண்ணெய் முடி பூரா பரவி தானா மினுக்கும். கண்டிஷனர் செய்யற வேலை இதுலயே முடிஞ்சுது.

2. அப்புறம் ப்ரஷை வச்சிட்டு வெறும் கை. மூக்குலேர்ந்து வாலு வரைக்கும். குட்டை முடியோட பெரிய சௌகரியம் இதுதான், விரலுக்கு எதுவும் தப்பாது. மொச்சைக் கொட்டை மாதிரி கட்டி, சின்னப் பொறுக்கு, சூடான எடம், தொட்டா உடம்பைச் சுருக்கிக்குற எடம். போன வாரம் இல்லாதது இந்த வாரம் இருந்தா, செல்லுல ஒரு போட்டோ எடுத்துத் தேதியோட வச்சுக்குங்க.

3. உண்ணிக்குன்னு தனியா: காது மடலுக்கு உள்ளயும் வெளியயும், கண் இமை ஓரம், கழுத்துப் பட்டைக்கு அடியில, அக்குள், தொடை இடுக்கு, வாலுக்கு அடியில, ஒவ்வொரு விரலிடுக்கும். கிடைச்சா ட்வீசரால தோலை ஒட்டிப் பிடிச்சு, திருகாம நேரா இழுக்கணும். மண்ணெண்ணெய் ஊத்துறது, ஊதுபத்தியால சுடறது எல்லாம் வேண்டாம். வெறும் விரலால நசுக்கவும் வேண்டாம். டப்பாவுல கொஞ்சம் ஸ்பிரிட் ஊத்தி அதுல போடுங்க. காலண்டர்ல தேதியைக் குறிச்சுட்டு, அடுத்த மூணு வாரம் கவனிங்க. சோர்வு, சாப்பாட்டுல விருப்பமின்மை, காய்ச்சல், வயித்துல செம்புள்ளி, மூக்குல ரத்தம். இதுல எது வந்தாலும் மறுநாள் வரைக்கும் கூட காத்திருக்காதீங்க. ஒரு ரத்தப் பரிசோதனை போதும், பாதி விஷயம் தெரிஞ்சிடும்.

4. உதட்டைத் தூக்கி ஈறைப் பாருங்க. ரோஸ் கலர்ல இருக்கணும். விரலால அழுத்தினா வெளுத்து, ரெண்டு செகண்டுக்குள்ள நிறம் திரும்பணும். வெளிறியே இருந்தா டாக்டர்கிட்ட. (கறுப்பு ஈறா இருந்தா ரோஸ் திட்டு எங்க இருக்குன்னு முன்னாடியே பாத்து வச்சுக்குங்க.)

5. காது. மோந்து பாருங்க! நாத்தம், கறுப்பு அழுக்கு, தலையை உதறிக்கிட்டே இருக்குறது, இதெல்லாம் டாக்டருக்கானது. கண்ணுக்குத் தெரியற எடத்தைப் பஞ்சால துடைக்கிறதோட நம்ம வேலை முடிஞ்சுது. நாயோட காதுக் குழாய் கீழ போய் உள்ள திரும்பும். பட்ஸ் விட்டா அழுக்கு இன்னும் உள்ளதான் போகும்.

6. நகம். தினம் ரோட்டுல நடக்குற நாய்க்குத் தானே தேயும். டைல்ஸ்ல 'டக் டக்'னு சத்தம் கேட்டா நீளமாயிடுச்சுன்னு அர்த்தம். ஆனா முன்னங்கால்ல கொஞ்சம் மேல ஒட்டிக்கிட்டு இருக்குற கட்டை விரல் நகம் தரையில படறதே இல்லை. அது வளைஞ்சு சதைக்குள்ளயே இறங்கிடும், அதை மறக்காதீங்க. நகத்துக்குள்ள ரத்தக் குழாய் ஓடுது. கறுப்பு நகத்துல அது தெரியாது, அதனால அரிசி அளவு அரிசி அளவா வெட்டுங்க. கை நடுங்குறவங்க இதை டாக்டர்கிட்டயே விட்டுடலாம், தப்பே இல்லை.

அவ்வளவுதான். இதுல எதுவும் அழகுக்கலை இல்லை பாருங்க. எல்லாம் பேன் பாக்குறதுதான்.

தெருவுலேர்ந்து வந்த நாய் எடுத்தவுடனே காலைக் குடுக்காது. முதல் மாசம் தோளைத் தொட்டு ஒரு துண்டு இட்லி, காதைத் தொட்டு ஒரு துண்டு இட்லின்னு பழக்குங்க. உறுமினா நிறுத்திடுங்க, அடக்கிப் பிடிக்காதீங்க. சின்னப் பசங்களைத் தனியா இந்த வேலைக்கு விடாதீங்க. பல்லோ நகமோ பட்டு ரத்தம் வந்தா, வீட்டு நாய்தானேன்னு விடாம, சோப்புத் தண்ணியில கால் மணி நேரம் கழுவிட்டு டாக்டரைப் பாருங்க.

குளியல்

குட்டை முடி நாய்க்கு மாசம் ஒண்ணு, இல்லை ஆறு வாரத்துக்கு ஒண்ணு தாராளம். அடிக்கடி போட்டா தோல் எண்ணெய் போய், வறண்டு, அரிச்சு, அதுக்கு ஒரு ஸ்பெஷல் ஷாம்பு வாங்குற கதையாகும். உண்ணிக்குக் கழுத்துல விடற சொட்டு மருந்து போட்டிருந்தா, அதுக்கு ரெண்டு நாள் முன்னாடியும் பின்னாடியும் குளியல் கூடாது. பதினஞ்சு நாளைக்கு ஒருதரம் வேன்ல தேய்ச்சுக் குளிப்பாட்டினா அந்த மருந்து எவ்வளவு மிஞ்சும்? யோசிங்க.

நம்ம ஷாம்பு, குழந்தை ஷாம்பு ரெண்டும் வேண்டாம். நம்ம தோல் அமிலத்தன்மை உள்ளது, நாயோடது கிட்டத்தட்ட நடுநிலை. டெட்டால், பினாயில் கலந்து குளிப்பாட்டுறவங்களுக்கு ஒரு வேண்டுகோள்: வெளிய வந்ததும் அது உடம்பை நக்கும். அதெல்லாம் அப்படியே வயித்துக்குள்ளதான் போகும். சீயக்காயும் வேண்டாம், கண்ணுல பட்டா என்ன ஆகும்னு தலை முழுகின நமக்கே தெரியும்!

பாத்ரூம் தரையில பழைய மிதியடி, வழுக்காம இருக்க. வெதுவெதுன்னு தண்ணி. ஷாம்புவை மக்குல கரைச்சு, கழுத்துலேர்ந்து பின்னாடி. மூஞ்சிக்கு ஈரத் துணி மட்டும். வழவழப்பு சுத்தமாப் போற வரைக்கும் அலசணும். எங்க பக்கம் வர்ற உப்புத் தண்ணிக்கு நம்ம தலைக்குச் செலவாகுறதை விட ரெண்டு மக்கு கூடவே ஆகும். குட்டை முடிக்கு ரெண்டு துண்டே போதும், ப்ளோ ட்ரையர் தேவையில்லை. விரலிடுக்கைத் துடைக்க மறக்காதீங்க.

இந்த ஊர் சீசனுக்குச் சில விஷயம்:

- ஜனவரி பனியில குளியலே வேண்டாம். மத்தியான வெயில்ல ஈரத் துண்டால துடைச்சா போதும்.
- ஹோலிக்கு யாராவது கலர் பூசிட்டா, தண்ணி ஊத்துறதுக்கு முன்னாடி காய்ஞ்ச பொடியை ப்ரஷ்ஷால தட்டிடுங்க. அப்புறம் நாய் ஷாம்பு. மிச்சக் கலர் தானாப் போகும்.
- மே, ஜூன்ல மொட்டை அடிக்காதீங்க. அந்தக் குட்டை முடிதான் தோலுக்கும் வெயிலுக்கும் நடுவுல இருக்குற குடை. நடக்கப் போறதுக்கு முன்னாடி புறங்கையை ரோட்டுல வச்சுப் பாருங்க. அஞ்சு எண்ணுறதுக்குள்ள கை சுட்டா, அதோட பாதமும் சுடும்.
- ஜூலைலேர்ந்து அக்டோபர் வரைக்கும் உண்ணிக்குக் கொண்டாட்டம். அப்ப வாரம் ஒரு தடவை போதாது, ஒவ்வொரு நடைக்கு அப்புறமும் காதையும் காலையும் பாருங்க. மாத்திரை வேணுமா, சொட்டு மருந்து வேணுமான்னு டாக்டர்கிட்ட கேட்டு அதுக்கு முன்னாடியே ஆரம்பிச்சுடுங்க. வலிப்பு வந்த நாயா இருந்தா அதை அவர்கிட்ட கட்டாயம் சொல்லணும். உண்ணி மாத்திரைகள்ல ஒரு குடும்பத்தைப் பத்தி 2018-லயே அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை இந்த எச்சரிக்கையைக் குடுத்திருக்கு.

"எங்களுக்கு நேரம் எங்க சார்?"

இந்தக் கேள்வி வரும்னு தெரியும். நியாயமான கேள்விதான். முதுகு வளைக்க முடியாத பெரியவங்க, நாப்பது கிலோ நாயோட தனியா இருக்குறவங்க, ஷிட்ஸூ, ஹஸ்கின்னு நீள முடி வச்சிருக்குறவங்க, இவங்களுக்கெல்லாம் க்ரூமர் தேவை. நல்லாப் பண்றவங்களும் இருக்காங்க. குட்டை முடி நாய்க்கே கூட, மாசம் ஒரு குளியலை வேனுக்குக் குடுங்க, வேண்டாம்னு சொல்லலை. பாக்குற வேலையைக் குடுக்காதீங்கன்னுதான் சொல்றேன். நாம தினம் மெட்ரோவுல, ட்ராஃபிக்ல தொலைக்கிற நேரத்துல வாரத்துக்கு இருபது நிமிஷம் பெரிய விஷயமே இல்லை.

இன்னொண்ணு. இதை வேலைக்கு வர்ற தீதி தலையில கட்டாதீங்க. பாத்திரத்துக்கும் வீடு பெருக்கவும் பேசின சம்பளத்துல, பயந்துகிட்டே நாயைக் குளிப்பாட்டுற பெண்களை எங்க டவர்லயே பாக்குறேன். கடிச்சா யாரு பொறுப்பு? நாம ஆசைப்பட்டு வளர்க்கிறோம், நாமதான் தேய்க்கணும்.

2025 ஆகஸ்ட்ல டெல்லி தெருநாய்களைப் பத்தி சுப்ரீம் கோர்ட் உத்தரவு வந்தப்ப நம்ம ஆளுங்க எவ்வளவு பேசினோம், எவ்வளவு ஃபார்வர்ட் பண்ணினோம்! 22-ஆம் தேதி வந்த திருத்தின உத்தரவுல, தெருநாயைத் தத்தெடுக்க விரும்புறவங்க மாநகராட்சிகிட்ட விண்ணப்பிக்கலாம்னு இருந்துச்சு. எங்க வளாகத்துலயே ரெண்டு தமிழ்க் குடும்பம் அதுக்கப்புறம் இண்டி எடுத்திருக்காங்க. மனசு நிறைஞ்சுது. அவங்களுக்கும், இனி எடுக்கப் போறவங்களுக்கும் சொல்றேன்: வீட்டுக்குள்ள கூட்டிட்டு வர்றதோட வேலை முடியலை. தெருவுல இருந்த வரைக்கும் அதுக்கு ஒரு கூட்டம் இருந்துச்சு, ஒண்ணை ஒண்ணு கோதிக்கும், நக்கிக்கும். பதினோராவது மாடியில அதுக்குக் கூட்டம்னா நாமதான்.

ஊர்ல இருக்குற அப்பா அம்மாவுக்கு ப்ரஷர் என்ன, சுகர் என்னன்னு போன்ல கேட்டுத் தெரிஞ்சுக்கறோம். அவங்க "ஒண்ணுமில்லப்பா, நல்லா இருக்கேன்"னு சொல்லிடுவாங்க, நாமளும் நம்பிக்குவோம். தூரத்துல இருக்குறவங்களுக்கு அதுக்கு மேல வழியில்லை. ஆனா காலடியில படுத்திருக்குற ஜீவனுக்கு அந்த நிலைமை வேண்டாமே. அது நம்மகிட்ட எதையும் வாய் திறந்து சொல்லாது, பொய்யும் சொல்லாது. கையை வச்சா தெரிஞ்சிடும்.

இன்னிக்கு ராத்திரி டிவி பாக்கும்போது உங்க நாயோட வலது முன்னங்காலை எடுத்து, விரலை விரிச்சுப் பாருங்க. அங்கேர்ந்து ஆரம்பிங்க.

பி.கு.: மணி என்ன ப்ரீடுன்னு மறுபடியும் கேக்குறவங்களுக்கு: 'கலப்பட மதராசி'. இங்க பொறந்தவன்தான், ஆனா தயிர் சாதம்னா உயிரு.